சென்னைத் தெருக்களில் வண்டி நிறுத்துதல்: எந்தப் பலகைக்கு அதிகாரம் உண்டு, அபராதம் எங்கே வருகிறது?

குரோம்பேட்டை வாசகி:

அனைவருக்கும் வணக்கம். சென்ற மாதம் என் நாத்தனார் மகளின் திருமணத்துக்குப் புடவை எடுப்பதற்காக மாமியாரைக் காரில் அழைத்துக்கொண்டு தியாகராய நகருக்குச் சென்றிருந்தேன். அவருக்கு முழங்கால் வலி இருப்பதால் உஸ்மான் சாலைக்குப் பின்னால் உள்ள ஒரு குறுக்குத் தெருவில், கடைக்கு எவ்வளவு அருகில் முடியுமோ அவ்வளவு அருகில் வண்டியை நிறுத்த நினைத்தேன். அந்தத் தெருவில் ஒரு வீட்டு வாசலில் "நோ பார்க்கிங்" என்று சிவப்புச் சாயத்தில் எழுதிய தகரப் பலகை கம்பிக்கதவில் கட்டப்பட்டிருந்ததால், அந்த வாசலைத் தவிர்த்துவிட்டுப் பத்தடி தள்ளி, ஏற்கெனவே வரிசையாக நின்ற கார்களின் முடிவில் நிறுத்தினேன். ஒருவர் வந்து 50 ரூபாய் கேட்டார், கொடுத்தேன். அவர் ரசீது எதுவும் தரவில்லை, நானும் கேட்கவில்லை.

இரண்டு நாள் கழித்து 500 ரூபாய் அபராதம் என்று கைப்பேசிக்குக் குறுஞ்செய்தி வந்தது. மத்திய அரசின் வாகனச் சேவைத் தளமான பரிவாகனில் வண்டி எண்ணைக் கொடுத்துப் பார்த்தபோது என் காரின் பின்பக்கப் படம் இருந்தது. படத்தின் மேல் மூலையில், ஒரு வேப்பங்கிளைக்குப் பின்னால், நீல நிற வட்டப் பலகையின் கீழ்ப்பாதி மட்டும் தெரிகிறது. நான் நிறுத்தியபோது அந்தப் பலகை என் கண்ணில் படவே இல்லை என்று உறுதியாகச் சொல்வேன்.

என் கேள்விகள் மூன்று. தகரப் பலகைக்கும் நீலப் பலகைக்கும் என்ன வேறுபாடு? பணம் வாங்கியவர் யார்? பத்து வண்டிகள் நின்ற இடத்தில் நின்றதற்கு இந்தத் தொகையைக் கட்டத்தான் வேண்டுமா, அல்லது மறுக்க வழி உண்டா? இது 500 ரூபாய்க்காக எழுதுவதல்ல. இருபது ஆண்டுகளாக வண்டி ஓட்டுகிறேன், விதியை மீற வேண்டும் என்று ஒருநாளும் நினைத்ததில்லை. ஆனால் விதியைப் படிக்கத் தெரியாமல்தான் இத்தனை நாள் ஓட்டியிருக்கிறேன் என்பது இப்போது புரிந்து மனம் உறுத்துகிறது.

மேற்கு மாம்பலத்துக்காரர்:

அம்மா, உங்கள் கேள்வியில் முதலாவது கேள்விதான் எல்லாவற்றுக்கும் வேர், அதனால் அதற்குக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

நம் தெருக்களில் மூன்று வகையான கைகள் எழுதியிருக்கின்றன. ஒன்று போக்குவரத்துக் காவல் துறை நட்ட பலகை. இன்னொன்று மாநகராட்சி, தான் கட்டணம் வாங்கும் நிறுத்துமிடத்துக்கு வைத்த பலகை. மூன்றாவது வீட்டுக்காரரும் கடைக்காரரும் தாங்களே எழுதி மாட்டிய பலகை. வண்டி ஓட்டுகிறவர் இந்த மூன்றையும் ஒரே கண்ணால் பார்க்கிறார், அங்கேதான் தவறு தொடங்குகிறது. நீங்கள் செய்ததும் அதுதான். அதிகாரமில்லாத தகரப் பலகைக்குப் பணிந்து நகர்ந்து, அதிகாரமுள்ள நீலப் பலகையின் கீழே போய் நிறுத்தியிருக்கிறீர்கள்.

நீல வட்டம், சுற்றிலும் சிவப்பு விளிம்பு, நடுவில் ஒரே ஒரு சாய்ந்த சிவப்புக் கோடு என்றால் அங்கே வண்டியை நிறுத்திவிட்டுப் போகக்கூடாது. அதே வட்டத்தில் இரண்டு சிவப்புக் கோடுகள் பெருக்கல் குறிபோல் வெட்டிக்கொண்டால், ஆளை இறக்குவதற்காகக்கூட அங்கே நிற்கக்கூடாது. இந்த இரண்டையும் ஒன்றாகவே எண்ணுகிறவர்கள் மிகப் பலர். P என்ற வெள்ளை எழுத்துள்ள நீலச் செவ்வகம் நிறுத்த அனுமதி உள்ள இடத்தைக் காட்டும்.

பலகையின் வட்டத்தைப் பார்ப்பதோடு நின்றுவிடக் கூடாது, அதன் கீழே சின்னத் தகடு தொங்குகிறதா என்றும் பார்க்க வேண்டும். இந்த நேரத்திலிருந்து இந்த நேரம் வரை என்றோ, இடப்பக்கம் அல்லது வலப்பக்கம் அம்புக்குறியோ, இத்தனை மீட்டர் வரை என்றோ அதில் இருக்கலாம். அம்புக்குறி எந்தப் பக்கம் காட்டுகிறதோ அந்தப் பக்கத்துக்குத்தான் தடை. இரண்டு பக்கமும் அம்பு இருந்தால், நீங்கள் ஒரு நீண்ட தடைப்பகுதியின் நடுவில் நிற்கிறீர்கள் என்று பொருள். அப்படியானால் அடுத்த கம்பத்திலும் அதே பலகை இருக்கும்.

நான் கடைப்பிடிக்கும் வழக்கம் ஒன்று உண்டு. வண்டியைப் பூட்டிய பிறகு நேராகக் கடைக்குப் போகாமல், முன்னால் இருபது அடியும் பின்னால் இருபது அடியும் நடந்து பார்த்துவிட்டுத்தான் போவேன். ஓட்டுநர் இருக்கையிலிருந்து தெரியாத பலகை நடைபாதையில் நின்று அண்ணாந்து பார்த்தால் தெரியும். சென்னையில் வேம்பும் புங்கமும் விளம்பரத் தட்டியும் மறைக்காத கம்பம் குறைவு, மெட்ரோ வேலைக்காகத் தடுப்பு வைத்த சாலைகளில் இன்னும் குறைவு. பனகல் பூங்காவைச் சுற்றிச் சென்ற ஆண்டு நிறுத்திய இடத்தில் இந்த ஆண்டும் நிறுத்தலாம் என்று நம்பிப் போகாதீர்கள்.

புரசை வழக்கறிஞர்:

மேலே சொன்னதற்குச் சட்ட அடிப்படையைச் சேர்க்கிறேன். 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 116ஆம் பிரிவின்படி போக்குவரத்துக் குறியீடுகளை நடும் அதிகாரம் மாநில அரசுக்கும் அதனால் அதிகாரம் தரப்பட்ட அமைப்புகளுக்கும் உண்டு. வாகனங்கள் எங்கே நிற்கலாம் என்று உள்ளாட்சி அமைப்பைக் கலந்து இடம் குறிப்பது 117ஆம் பிரிவு. ஆகவே தனியார் மாட்டும் பலகை சட்டப்படியான குறியீடு ஆகாது. அனுமதியின்றி நோ பார்க்கிங் பலகை, பூந்தொட்டி, மணல் மூட்டை ஆகியவற்றைப் பொதுச் சாலையில் வைப்பவர்கள்மீது நடவடிக்கை எடுக்கப்படும் என்று சென்னைப் போக்குவரத்துக் காவல் துறை 2024இல் எச்சரித்ததும் இந்தக் காரணத்தால்தான்.

ஆனால் இதைப் படித்துவிட்டு யாரும் தகரப் பலகை தொங்கும் வாசலில் துணிந்து வண்டியை விட்டுவிட வேண்டாம். அந்தப் பலகைக்கு வலிமை இல்லையே தவிர, அந்த வாசலுக்கு உண்டு. ஒரு வீட்டின் அல்லது கட்டடத்தின் நுழைவாயிலை மறித்து நிறுத்துவது, பலகை இருந்தாலும் இல்லாவிட்டாலும் தவறு. நடைபாதை, பாதசாரிகள் கடக்கும் வரிக்கோடு, சாலைச் சந்திப்பின் முனை, வளைவு, பேருந்து நிறுத்தம், பள்ளி மற்றும் மருத்துவமனை வாசல், ஏற்கெனவே நிற்கும் வண்டிக்குப் பக்கத்தில் இரண்டாவது வரிசை ஆகிய எல்லாவற்றுக்கும் இதே நிலைதான். 1989ஆம் ஆண்டின் சாலை விதிகளில் இருந்து வந்த இந்தத் தடைகளை, அவற்றுக்குப் பதிலாக வந்த 2017ஆம் ஆண்டின் ஓட்டுதல் ஒழுங்குமுறைகளும் கைவிடவில்லை. இவற்றுக்கு மேல், பிறருக்கு ஆபத்தோ இடையூறோ தேவையற்ற சிரமமோ ஏற்படும் வகையில் பொது இடத்தில் வண்டியை விட்டுச் செல்லக்கூடாது என்று சட்டத்தின் 122ஆம் பிரிவு பொதுவாகவே சொல்கிறது. "பலகை இல்லை" என்ற வாதத்தை நம்பி வருகிற கட்சிக்காரர்களிடம் நான் முதலில் படித்துக் காட்டுவது இந்தப் பிரிவைத்தான்.

அபராதத் தொகைக்கு வருவோம். 2019 திருத்தத்துக்கு முன்பு 177ஆம் பிரிவின்கீழ் முதல் முறைக்கு 100 ரூபாய் வரையும், மறுமுறைக்கு 300 ரூபாய் வரையும் இருந்தது. திருத்தம் அதை 500 ஆகவும் 1,500 ஆகவும் உயர்த்தியது. தமிழ்நாட்டில் உயர்த்தப்பட்ட தொகைகள் 2022 அக்டோபரில் நடைமுறைக்கு வந்தன. எனவே உங்களுக்கு வந்த 500 என்பது முதல் முறைக்கான தொகை. அதே தவறு மறுபடியும் பதிவானால் மும்மடங்கு ஆகும் என்பதால், "போனால் போகிறது, ஐந்நூறுதானே" என்று விட்டுவிடும் பழக்கம் நல்லதல்ல.

வண்டியை இழுத்துச் செல்வதும் சக்கரத்துக்குப் பூட்டுப் போடுவதும் 127ஆம் பிரிவில் வருகின்றன. பொது இடத்தில் 10 மணி நேரத்துக்கு மேல் கவனிப்பாரின்றி நின்றாலோ, நிறுத்தத் தடையுள்ள இடத்தில் நின்றாலோ, சீருடையில் உள்ள காவல் அலுவலர் அதற்கு உத்தரவிடலாம். இழுவைச் செலவு முழுவதும் உரிமையாளரைச் சேரும், அபராதம் அதற்கு மேல் தனி. சீருடையில் உள்ள காவலர் உடன் இல்லாமல், இழுவை வண்டியின் ஆட்கள் மட்டும் வந்து உங்கள் காரில் கொக்கி மாட்டினால், யார் உத்தரவிட்டார்கள் என்று அமைதியாகக் கேட்க உங்களுக்கு உரிமை உண்டு.

மூன்றாவது கேள்விக்கு விடை இது. தொகையைக் கட்டுவது குற்றத்தை இணங்கித் தீர்த்துக்கொள்வதாகும், கட்ட மறுத்தால் விஷயம் நீதிமன்றத்துக்குப் போகும். மறுக்க வேண்டுமானால் பலகை மறைந்திருந்ததைக் காட்டும் படம் உங்களிடம் இருக்க வேண்டும், அதுவும் அந்த நாளுக்கு நெருங்கிய நாளில் எடுத்ததாக இருக்க வேண்டும். மற்ற பத்து வண்டிகள் நின்றன என்பது எந்த நீதிமன்றத்திலும் தற்காப்பாக ஏற்கப்படாது. அந்தப் பத்து வண்டிகளுக்கும் அதே நாளில் செய்தி போயிருக்கவும் கூடும்.

நந்தனம் நாராயணி:

பணம் வாங்கியவரைப் பற்றி யாரும் சொல்லவில்லை. மாநகராட்சிக்கு உரிய கட்டண நிறுத்துமிடமாக இருந்தால் அங்கே கட்டணம் எழுதிய பலகை இருக்கும், சாலையில் கட்டம் வரைந்திருக்கும், வாங்குபவர் கையில் கருவியோ ரசீதுப் புத்தகமோ இருக்கும், ரசீதில் வண்டி எண்ணும் நேரமும் இருக்கும். இவற்றில் ஒன்றுகூட இல்லாமல் கையை நீட்டுகிறவரிடம் கொடுத்த பணம் உங்களுக்கு எந்த உரிமையையும் தராது. உங்கள் வண்டி நிற்பதைப் பார்த்துக்கொள்வதாக அவர் சொல்லலாம், காவலர் வந்தால் அவர் அந்தத் தெருவிலேயே இருக்க மாட்டார். இப்படி யாராவது தொடர்ந்து வசூலித்தால் மாநகராட்சியின் 1913 என்ற எண்ணில் புகார் செய்யலாம். நான் செய்திருக்கிறேன். இடத்தின் பெயர், நேரம், அருகில் உள்ள கடை ஆகியவற்றைத் தெளிவாகச் சொன்னால் பதிவு எண் தருகிறார்கள், அந்த எண்ணை எழுதி வைத்துக்கொண்டு பின்தொடர வேண்டும்.

ஜார்ஜ் டவுன் வியாபாரி:

எல்லோரும் விதியைச் சொல்கிறீர்கள், நான் இடத்தைப் பற்றிக் கேட்கிறேன். என் கடை இருக்கும் தெருவில் எதிரெதிரே இரண்டு சரக்கு ஆட்டோக்கள் வந்தாலே மூச்சு முட்டும். வாடிக்கையாளர் பூந்தமல்லியிலிருந்து வருகிறார், அவர் எங்கே வண்டியை விடுவார்? நேதாஜி சுபாஷ் சந்திர போஸ் சாலையில் தடை, பக்கத்துத் தெருவில் தடை, அதற்கடுத்த தெருவில் இடமே இல்லை. நிறுத்த இடம் தராமல் நிறுத்தியதற்கு மட்டும் தண்டம் வாங்குவது நியாயமா என்று கேட்கும் உரிமை எங்களுக்கு உண்டு. வெள்ளைக்காரன் காலத்தில் கைவண்டிக்கும் மாட்டுவண்டிக்கும் அமைந்த தெரு அது, அதைக் கார்களுக்கு ஏற்றதாக மாற்ற யாராலும் முடியாது என்பதும் எனக்குத் தெரியும். எங்கள் வருத்தம், மாற்று வழி சொல்லப்படவில்லை என்பதுதான்.

அயனாவரம் அகல்:

வியாபாரி ஐயாவின் வருத்தத்தை மதிக்கிறேன், ஆனாலும் ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும். என் அப்பாவுக்குக் கண்பார்வை இல்லை. வெள்ளைக் கோலை வலமும் இடமும் தட்டிக்கொண்டு, நடைபாதையின் ஓரக்கல்லைக் கோலின் முனையால் தொட்டுத் தொட்டுத்தான் நடப்பார். எங்கள் வீட்டிலிருந்து மருந்துக் கடை வரை இருநூறு அடிதான் இருக்கும். அந்த இருநூறு அடியில் நடைபாதையின் மேல் ஏற்றி நிறுத்திய இரு சக்கர வண்டிகளை எண்ணினேன், ஒரு மாலையில் பதினேழு. கோல் முதலில் சக்கரத்தில் படும், அவர் விலகுவார், அடுத்த வண்டியின் கைப்பிடி மார்பில் இடிக்கும், பிறகு ஓரக்கல்லைவிட்டு இறங்கிச் சாலையில் நடப்பார். அவர் இறங்கும் இடத்தில்தான் பேருந்து திரும்புகிறது.

காருக்கு மட்டும்தான் விதி, ஸ்கூட்டருக்கு இல்லை என்று நினைக்கிறவர்கள் எங்கள் பகுதியில் ஏராளம். நடைபாதையில் நிற்கும் ஸ்கூட்டருக்கும் அபராதம் அதே தொகைதான். அந்த அபராதம் வரும்போது எனக்குக் கோபம் வருவதில்லை, ஆறுதலாக இருக்கிறது.

ஜார்ஜ் டவுன் வியாபாரி:

அம்மா, நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு என் கடை வாசலைப் போய்ப் பார்த்தேன். நடைபாதையில் என் கடைப் பையன்களின் வண்டிகள் மூன்று நின்றன. எடுக்கச் சொல்லிவிட்டேன். இடமில்லை என்ற என் கேள்வி அப்படியேதான் இருக்கிறது, ஆனால் அதற்கு நடைபாதை விடையல்ல என்பதை ஏற்றுக்கொள்கிறேன்.

கால் டிரைவர், கொளத்தூர்:

பதினாறு வருடங்களாகப் பிறருடைய கார்களை ஓட்டுகிறேன். அபராதம் வந்தால் முதலாளிக்குச் செய்தி போகும், பிறகு என் சம்பளத்தில் பிடிப்பார்கள், அதனால் இதில் நான் மிகவும் எச்சரிக்கையாக இருப்பேன்.

முதலாவது, "ஐந்து நிமிடம்தானே" என்று இறங்கிப் போகக்கூடாது. படம் எடுக்க ஒரு நிமிடம்கூட ஆகாது. முன்பு ரோந்து வண்டியின் மைக்கில் வண்டி எண்ணையும் நிறத்தையும் சொல்லிக் கூப்பிடுவார்கள், ஓடி வந்து எடுத்துவிடலாம். இப்போதும் சில இடங்களில் கூப்பிடுகிறார்கள், ஆனால் அதை நம்பி இறங்கக்கூடாது. ஓட்டுநர் இருக்கையில் ஆள் இருந்தால் பெரும்பாலும் நகரச் சொல்வார்கள், நகர்ந்துவிட வேண்டும். இருக்கையில் இருப்பதே அனுமதி என்று எண்ணி வாதாடினால் அபராதம் நிச்சயம். இரட்டைக் கோடு போட்ட பலகையின் கீழே உட்கார்ந்திருந்தாலும் குற்றம்தான் என்று மேலே ஐயா எழுதியது சரி.

இரண்டாவது, தெருமுனை. குறுக்குத் தெருவில் இடம் கிடைத்தது என்று முனையிலேயே நிறுத்துவார்கள். திரும்பும் லாரிக்கு வழி இருக்காது, ஒரு புகார் போனால் போதும். முனையைத் தாண்டி உள்ளே நன்றாகத் தள்ளி நிறுத்துங்கள்.

மூன்றாவது, திருவிழா நாட்கள். மயிலாப்பூர் மாட வீதிகளில் பங்குனித் திருவிழாவின்போது வழக்கமாக நிறுத்தும் இடமெல்லாம் மூடிவிடுவார்கள். போக்குவரத்து மாற்றத்தை முன்கூட்டியே நாளிதழில் அறிவிக்கிறார்கள், கிளம்பும் முன் பார்த்துவிட வேண்டும். அறுபத்து மூவர் அன்று லஸ் முனைப் பக்கம் கார் எடுத்துப் போகவே வேண்டாம் என்பது என் தாழ்மையான கருத்து.

வண்டியைச் சாலையின் இடப்பக்கமாக, போகிற திசையைப் பார்த்து, ஓரத்தை ஒட்டி நிறுத்துங்கள். எதிர்த்திசையில் மூக்கை நீட்டி நிறுத்துவதை இங்கே பலர் தவறென்றே எண்ணுவதில்லை. வெளியே எடுக்கும்போது எதிரே வருபவரைப் பார்க்க முடியாமல் இடித்த கதைகள் எனக்கு நிறையத் தெரியும்.

வேளச்சேரி ஏரிக்கரை:

மழைக்காலம் வருகிறது என்பதால் கேட்கிறேன். 2015 டிசம்பரில் எங்கள் தெருவில் நின்ற கார்களின் கூரை மட்டும்தான் தெரிந்தது. 2023 டிசம்பர் மிக்ஜாம் புயலிலும் என் வண்டியின் இயந்திரத்துக்குள் நீர் புகுந்து, பழுது பார்க்க ஆன செலவைச் சொல்ல விரும்பவில்லை. அதனால் இப்போது கனமழை எச்சரிக்கை வந்தவுடன் மேம்பாலத்தில் கொண்டுபோய் விடுகிறோம். அது சட்டப்படி தவறுதானே?

புரசை வழக்கறிஞர்:

சாதாரண நாளில் ஐயமின்றித் தவறு. 2024 அக்டோபரில் வேளச்சேரி மேம்பாலத்தில் கார்கள் வரிசையாக நின்றபோது அபராதம் போடுகிறார்கள் என்று செய்தி பரவியது, அப்படி அபராதம் எதுவும் விதிக்கவில்லை என்று போக்குவரத்துக் காவல் துறை உடனே விளக்கம் கொடுத்தது. ஆனால் அது அந்தச் சூழ்நிலையில் காட்டிய கனிவு, சட்டம் மாறிவிட்டதாகப் பொருளில்லை. எச்சரிக்கை விலகி நீர் வடிந்த பிறகும் வண்டியை அங்கேயே விட்டு வைத்தால் பாதுகாப்புக் கிடைக்காது. பாலத்தில் ஒரே ஓரமாக மட்டும் நிறுத்தி, ஆம்புலன்சும் மீட்பு வண்டியும் தடையின்றிப் போக வழிவிட்டு, ஏறும் இடத்திலும் இறங்கும் இடத்திலும் நிறுத்தாமல் இருந்தால் உங்களைப் பார்த்துக் குறை சொல்ல யாருக்கும் மனம் வராது.

பெரம்பூர் பேருந்துப் பயணி:

இன்னொரு எச்சரிக்கை. என் அண்ணனுக்கு வாட்ஸ்அப்பில் அபராதச் செய்தி ஒன்று வந்தது. அரசுச் சின்னம், வண்டி எண், தொகை எல்லாம் சரியாகவே இருந்தன, கூடவே ஒரு செயலிக் கோப்பும் இருந்தது. அதைத் திறந்து நிறுவியதும் வங்கிக் கணக்கிலிருந்து பணம் போய்விட்டது. உண்மையான அபராதம் எதற்கும் செயலிக் கோப்பை அனுப்ப மாட்டார்கள். செய்தியில் உள்ள இணைப்பைத் தொடாமல், நீங்களே பரிவாகன் தளத்தின் இ-சலான் (இணையவழி அபராதச் சீட்டு) பக்கத்துக்குப் போய் வண்டி எண்ணைக் கொடுத்துப் பாருங்கள், அங்கே இல்லையென்றால் செய்தி பொய். பணம் போய்விட்டால் ஒரு மணி நேரம்கூடத் தாமதிக்காமல் 1930 என்ற எண்ணை அழைக்க வேண்டும். அண்ணன் மறுநாள்தான் அழைத்தார்.

விருகம்பாக்கம் மெக்கானிக்:

பழைய வண்டியை விற்றவர்களுக்கு ஒரு வார்த்தை. விற்ற 14 நாட்களுக்குள் பதிவு அலுவலகத்துக்கு நீங்கள் தெரிவிக்க வேண்டும், வாங்கியவர் 30 நாட்களுக்குள் தன் பெயருக்கு மாற்ற வேண்டும். சட்டத்தின் 50ஆம் பிரிவு அது. கையெழுத்துப் போட்ட படிவத்தைத் தரகரிடம் கொடுத்துவிட்டு மறந்துவிட்டால், யாரோ எங்கோ நிறுத்தியதற்கு உங்களுக்குத்தான் செய்தி வரும். அதேபோல் பதிவில் உள்ள கைப்பேசி எண் பழையதாக இருந்தால் அபராதம் வந்ததே தெரியாமல் சேர்ந்துகொண்டு போகும். பெயர் மாற்றம் செய்யப் போகும்போதுதான் தெரியும், அன்றைக்கு வேலை நின்றுவிடும். என் பட்டறைக்கு வருகிறவர்களிடம் எண்ணெய் மாற்றும் நாளில் இதையும் பார்த்துவிடச் சொல்கிறேன்.

மேற்கு மாம்பலத்துக்காரர்:

வியாபாரி ஐயா கேட்ட மாற்று வழிக்கு என் பகுதியைப் பொறுத்தவரை விடை சொல்ல முடியும். தியாகராய நகரில் தணிகாசலம் சாலையில் மாநகராட்சியின் பல அடுக்கு வாகன நிறுத்துமிடம் இருக்கிறது. பாண்டி பஜாரில் 2019 நவம்பரில் நடைபாதை வளாகம் திறந்த பிறகு அங்கே சாலையோரத்தில் நிறுத்துவது குறைந்து, அந்தத் தேவைக்காகவே இந்தக் கட்டடம் வந்தது. அங்கே விட்டுவிட்டு நடந்தால் பாண்டி பஜார் பக்கம்தான். ஆனால் உஸ்மான் சாலைக் கடைகளுக்கு முழங்கால் வலி உள்ளவர் அங்கிருந்து நடப்பது கடினம். அவர்களுக்காக ஒருவர் ஓட்ட, ஒருவர் துணைக்கு இறங்க, தடையில்லாத இடத்தில் இறக்கிவிட்டு வண்டியை மட்டும் நிறுத்துமிடத்துக்குக் கொண்டுபோவதுதான் நடக்கக்கூடிய வழி.

குரோம்பேட்டையிலிருந்து வருகிறவர்களுக்கு இன்னும் நல்ல வழி உண்டு. மின்சார ரயிலில் மாம்பலம் வந்து இறங்கினால், 2023 மே மாதத்தில் திறந்த ஆகாய நடைபாதை நிலையத்திலிருந்து தியாகராய நகர்ப் பேருந்து நிலையம் வரை போகிறது. ரங்கநாதன் தெருவின் நெரிசலில் இறங்காமலே அந்தப் பக்கம் போய்விடலாம். நானே பண்டிகை நாட்களில், வீடு பக்கத்தில் இருந்தும், தண்டவாளத்துக்கு அந்தப் புறம் போக அதைத்தான் பயன்படுத்துகிறேன்.

குரோம்பேட்டை வாசகி:

அனைவருக்கும் நன்றி. சென்ற செவ்வாய்க்கிழமை காலை, கடைகள் திறப்பதற்கு முன்பே, அதே தெருவுக்கு மறுபடி போனேன். இந்த முறை காரில் போகவில்லை. நான் நிறுத்திய இடத்தில் நின்று பார்த்தேன். ஓட்டுநர் இருக்கையின் உயரத்துக்குக் குனிந்து பார்த்தால் வேப்பங்கிளைதான் தெரிகிறது, பலகை தெரியவில்லை. ஆனால் மாம்பலத்து ஐயா சொன்னபடி பின்னால் நடந்தபோது, பதினைந்தாவது அடியில் இன்னொரு கம்பமும் அதே நீலப் பலகையும் எந்த மறைப்பும் இல்லாமல் நின்றன. கீழே தகட்டில் இரண்டு பக்கமும் அம்புக்குறி. தகரப் பலகையைப் பார்த்து வாசலைவிட்டு நகர்ந்தபோது அந்தக் கம்பத்தைக் கடந்துதான் போயிருக்கிறேன். என் கவனம் முழுவதும் அந்தக் கதவிலேயே இருந்திருக்கிறது.

அதனால் மறுக்கவில்லை. 500 ரூபாயைக் கட்டிவிட்டு, ரசீதைப் படமாகச் சேமித்து வைத்தேன். மறைந்திருக்கும் பலகையைப் பற்றி 1913இல் கிளையை வெட்டச் சொல்லிப் புகார் பதிந்தேன், போக்குவரத்து உதவி எண்ணான 103இலும் சொன்னேன். எனக்கு அடுத்து அங்கே நிறுத்துகிறவராவது பார்க்கட்டும். மெக்கானிக் ஐயா சொன்ன பிறகு பதிவில் உள்ள கைப்பேசி எண்ணையும் சரிபார்த்துக்கொண்டேன்.

ஜாக்கெட் தைக்கக் கொடுத்ததை வாங்க வரும் வெள்ளிக்கிழமை மாமியாருடன் மறுபடி போக வேண்டும். ரயிலில் போகலாம் என்று சொன்னேன், அவரும் ஒப்புக்கொண்டார். மேற்கு மாம்பலத்து ஐயாவிடம் ஒரே ஒரு கேள்வி மட்டும்: கடற்கரை செல்லும் ரயிலிலிருந்து இறங்கினால், ஆகாய நடைபாதைக்கு ஏற லிஃப்ட் எந்தப் பக்கம் இருக்கிறது, முதியவர் ஒருவர் அதுவரை எவ்வளவு தூரம் நடக்க வேண்டியிருக்கும்?